டோரீனின்ர நாலு செக்கன்

பதினொண்டு இருவதுக்கு எடுக்கவேண்டிய பஸ், தம்பி. இப்ப மணி என்ன? பதினொண்டு இருவத்தேழு. டிரைவர் இன்னும் கீழ நிண்டு சிகரெட் பத்திக்கொண்டு சிரிக்கிறான். கோதாரி விழுவான்! கேட்டால் ‘ஏழு நிமிசம்தானே’ எண்டுவான். தானேயாம், தானே!

நீங்கள் தமிழ்தானே? போனில கதைச்சதைக் கேட்டனான். இந்தியாவோ? எந்த இடம்? ஓ, திருநெல்வேலி! எங்களுக்கும் ஒரு திருநெல்வேலி இருக்கு, யாழ்ப்பாணத்தில. அதுக்குப் பக்கத்திலதான் எங்கட வீடு. இருங்கோ, இருங்கோ, பையைக் கீழ வையுங்கோ. நானும் எயார்போட்டுக்குத்தான்.

நான் ஒரு இடமும் பறக்கேல்லை. மகள் போறாள். மருமகன், பேத்தி, மூண்டு பேரும். அவுஸ்திரேலியாவுக்கு, ஒரேயடியா. என்ர மனிசி அவையோட காரில கொஞ்சம் முந்தித்தான் போயிட்டா. காரில இடமில்லாமல் இல்லை. நான்தான் ஏறேல்லை. மருமகன் காரின்ர கதவைத் திறந்து பிடிச்சுக்கொண்டு நிண்டவன், ஆனா வாய் திறக்கேல்லை. ஏழு கிழமையா அவன் என்னோட கதைக்கிறேல்லை. மகள் வந்து காதுக்குள்ள சொல்லுறாள், “அப்பா, ஏறமுதல் அவருக்கு ஒரு சொறி சொல்லுங்கோ, காணும்.” எதுக்குச் சொறி? மன்னிப்புக் கேக்க நான் என்ன களவெடுத்தனானோ? அப்பிடியே திரும்பி நடந்து வந்து பஸ்ஸுக்கு டிக்கெட் எடுத்தனான்.

சொல்லுறன் கேளுங்கோ. அங்க போய்ச் சேர ஒண்டரை மணித்தியாலம் எடுக்கும். நீங்கள் நியாயத்தைச் சொல்லுங்கோ. இந்த ஊரில எனக்கு நியாயம் சொல்ல ஒரு ஆளில்லை.

இந்த ஊர் பிராக்கன்ஷா. இஞ்ச சனத்துக்கு ரெண்டு விசர். ஒண்டு மழையைப் பற்றிக் கதைக்கிறது. மற்றது றக்பி லீக். நீங்கள் டிவியில பாத்த பதினைஞ்சு பேர் றக்பி இல்லை, இது பதின்மூண்டு பேர். வடக்கு இங்கிலாந்துக்காரற்ற விளையாட்டு. பிராக்கன்ஷா கிளப் ரெண்டாம் டிவிஷன். பெரிய கிளப் இல்லை, ஆனா நூறு வருசத்துக்கு மேல பழசு. பிள்ளை பிறந்தால் முதல் அந்தக் கிளப்பின்ர தொப்பியைத்தான் போடுவினம், பேந்துதான் பேர் வைப்பினம்.

நான் அந்தக் கிளப்பின்ர டைம்கீப்பர். இருந்தனான், எண்டு சொல்ல வேணும்.

சிரிக்காதேங்கோ. யாழ்ப்பாணம் பஸ் ஸ்டாண்டில எட்டு வருசம் டைம்கீப்பரா இருந்தவன் நான். எந்த பஸ் எத்தினை மணிக்கு வெளிக்கிட வேணும், எல்லாம் என்ர விசிலிலதான். குணநாயகம் விசில் அடிச்சால் அடிச்சதுதான். ஒருக்கா என்ர மாமியார், கலியாணமாகி மூண்டு மாசம் கூட ஆகேல்லை, பாத்துக்கொள்ளுங்கோ, கையில பலாப்பழத்தோட ஓடி வாறா. “தம்பி, தம்பி, நில்லுங்கோ!” எண்டு கத்திறா. நேரமாச்சு. நான் விசிலை அடிச்சு பஸ்ஸை அனுப்பிப்போட்டன். ஒருத்தருக்காக நிப்பாட்டினால் உள்ள இருக்கிற நாப்பது பேற்ற நேரத்தை எடுத்து அவவுக்குக் குடுக்கிற மாதிரி. மனிசி ஒரு மாசம் எனக்குச் சோறு போடேக்க முகத்தைப் பாக்கேல்லை. பரவாயில்லை. எனக்கு நேரம் எண்டால் நேரம்.

பேந்து பிரச்சினை வந்து, ஓடி, இஞ்ச வந்து, பிஸ்கட் பக்டரியில வேலை. அதை விடுங்கோ. மகள் சிந்துஜா இஞ்சதான் வளர்ந்தவள். படிச்சு நேர்சானவள். ஒருநாள் வந்து சொல்லுறாள், “அப்பா, எனக்கு க்ரெய்க்கைப் பிடிச்சிருக்கு.” ஆர் க்ரெய்க்? கிளப்பில விளையாடுறவனாம்! மூக்கு ரெண்டு இடத்தில உடைஞ்சவன்! காது பூக்கோவா மாதிரி, அதுதான் உங்கட காலிஃபிளவர்! எனக்கு வந்த கொதிக்கு நான் ரெண்டு நாள் சாப்பிடேல்லை.

அவன் என்ன செய்தவன் தெரியுமோ? வீட்டை வந்து கதிரையில இருந்து, மனிசி குடுத்த வடையில நாலைச் சாப்பிட்டுப்போட்டு என்னட்டைக் கேட்டவன், “நீங்கள் அங்க டைம்கீப்பரா இருந்தனீங்களாமே? எங்கட கிளப்பின்ர டைம்கீப்பருக்குக் கண் தெரியேல்லை. வருவியளே?” எண்டு. அங்க கண்ணாடிப் பெட்டி மாதிரி ஒரு சின்ன அறை. மேசை, ரெண்டு கதிரை, ஸ்டொப்வாச், நேரம் முடிஞ்சால் ஊதுற ஹூட்டருக்கு ஒரு சிவப்புப் பொத்தான். நான் அதில குந்தின அண்டைக்கு, உங்களுக்கு ஏன் பொய் சொல்லுவான், எனக்குக் கண் கலங்கிப்போச்சு. இருவது வருசம் பிஸ்கட்டை எண்ணினவன். இப்ப நாலாயிரம் சனம் என்ர கையைப் பாத்துக்கொண்டு நிக்குது. கலியாணத்துக்கு ஓமெண்டிட்டன்.

ஆறு வருசம், தம்பி. ஆறு வருசத்தில ஒரு செக்கன் பிழை விடேல்லை. ரெஃப்ரிமார் சொல்லுவினம், பிராக்கன்ஷாவுக்கு வந்தால் மணிக்கூட்டைப் பற்றி யோசிக்கத் தேவையில்லை எண்டு. சனம் தெருவில கண்டால் “என்ன நாயகம், எத்தினை மணி?” எண்டு பகிடி விடும். க்ரெய்க் என்னை அப்பா எண்டுதான் கூப்பிடுவான். வடிவா உச்சரிப்பான், எங்கட பெடியளே இப்ப ‘டாட்’ எண்டுதான் சொல்லுதுகள்.

ஆ, இப்ப எடுக்கிறான்! பதினொண்டு முப்பத்தொண்டு! பாருங்கோ, ஒரு வெக்கமும் இல்லை.

இந்தமுறை சீசன் தொடக்கத்திலயே நாசமாப் போச்சு. முதல் ஒம்பது விளையாட்டில எட்டுத் தோல்வி. தோள் கழண்டவன், தொடை கிழிஞ்சவன், கோச்சோட சண்டை பிடிச்சு விட்டிட்டுப் போனவன். க்ரெய்க் மட்டும் ஒரு விளையாட்டும் விடேல்லை. முப்பத்திரண்டு வயசு. விடிய கூரைவேலைக்குப் போவான், பின்னேரம் பயிற்சி. மகள் கத்துவாள், ஒருக்கா ஓய்வெடுங்கோ எண்டு. கேக்கமாட்டான். கீழ் டிவிஷனுக்கு இறங்கினால் விளையாடுறவையின்ர ஒப்பந்தம் எல்லாம் அதோட முடிஞ்சுது. முப்பத்திரண்டு வயசுக்காரனை வேற ஆர் எடுப்பினம்? அது அவனுக்கும் தெரியும், எனக்கும் தெரியும்.

ஆடியில கொஞ்சம் எழும்பினாங்கள். நாலு விளையாட்டு அடுத்தடுத்து வெற்றி. சனம் திரும்ப வரத் தொடங்கிச்சுது. கடைசிக்கு எப்பிடி வந்து நிண்டுது எண்டால், கடைசி விளையாட்டு, எங்கட கிரவுண்டில, தோர்ன்பியோட. ரெண்டு கிளப்புக்கும் ஒரே பொயிண்ட். தோக்கிறவன் இறங்க வேணும். அவ்வளவுதான் கதை.

இப்ப டோரீனைப் பற்றிச் சொல்ல வேணும். வெளியூர்க் கிளப்பும் தங்கட டைம்கீப்பர் ஒராளைக் கூட்டிக்கொண்டு வரும். ரெண்டு பேரும் பக்கத்தில பக்கத்தில இருந்து ரெண்டு மணிக்கூட்டிலயும் பிடிக்கிறது. தோர்ன்பியின்ர ஆள் டோரீன். முந்திப் பள்ளிக்கூடத்தில சமையல்வேலை செய்த மனிசி. ஒரு பெரிய பையில ஸ்வெட்டர் பின்னுற நூல், சான்ட்விச், எல்லாம் கொண்டு வருவா. “எப்பிடி இருக்கிறீங்கள், லவ்?” எண்டுவா. இஞ்சத்தைப் பொம்பிளையள் எல்லாரையும் லவ் எண்டுதான் கூப்பிடுவினம், நீங்கள் வேறமாதிரி நினையாதேங்கோ. நல்ல மனிசி எண்டுதான் அண்டுவரைக்கும் நினைச்சிருந்தனான்.

ரெஃப்ரி கையை உயர்த்தினால் மணிக்கூட்டை நிப்பாட்ட வேணும். திரும்பத் தொடங்கச் சொன்னால் தொடங்க வேணும். ஒவ்வொருக்காலும் திரும்பத் தொடங்கமுதல் நானும் டோரீனும் மணிக்கூடு ரெண்டையும் பக்கத்தில வைச்சு ஒத்துப் பாப்பம். அது எங்கட வழக்கம். அண்டைக்கும் பாத்தனாங்கள். முதல் பாதி முழுக்க அரைச் செக்கன் வித்தியாசமில்லை. ரெண்டும் ஒத்து வராட்டில், ஹூட்டர் ஆரின்ர கையிலயோ அவற்ற மணிக்கூடுதான் கணக்கு. ஹூட்டர் என்ர கையில.

விளையாட்டு எண்டால் விளையாட்டு! கிரவுண்ட் நிறைஞ்சு சனம். மழை வேற. கடைசி நிமிசம், அவங்கள் பதினெட்டு, நாங்கள் பதினாறு. பந்து எங்களிட்டை. அவங்கட கோட்டிலயிருந்து அஞ்சு மீற்றர். எங்கட சனம் கத்திற கத்தில கண்ணாடி அதிருது. நான் மணிக்கூட்டை மட்டும்தான் பாக்கிறன். அப்ப டோரீன் தன்ர மணிக்கூட்டை எனக்குப் பக்கத்தில நீட்டிச் சொல்லுறா, “நாயகம், என்ரயில நாலு செக்கன் கூடக் கிடக்கு, லவ். என்ரயை எடுப்பமே?”

யோசிச்சுப் பாருங்கோ, தம்பி! அவவின்ர கிளப் ரெண்டு பொயிண்ட் முன்னுக்கு நிக்குது. அவவுக்கு நேரம் கெதியா முடிஞ்சால்தான் நல்லம். அப்ப ஏன் எனக்கு நாலு செக்கன் தாறா? இரக்கம்! வேற என்ன? பாவம், கறுத்த மனிசன், மருமகன் விளையாடுறான், வேர்த்துக் கொட்டுது, ஒரு நாலு செக்கனைக் குடுப்பம். எனக்குப் பிச்சை! முதல் பாதியில ஒத்துப்போன மணிக்கூட்டில நாலு செக்கன் எங்கயிருந்து வந்தது? சும்மா இரக்கத்துக்குச் சொன்ன பொய். மாமியாருக்கே நிப்பாட்டாதவன் நான். “தேவையில்லை, டோரீன்” எண்டன். “என்ர மணிக்கூடு சரி.”

இந்த விளையாட்டில ஒரு சட்டம் இருக்கு. ஒருத்தனைப் பிடிச்சு விழுத்தினால், அவன் எழும்பி, பந்தை நிலத்தில வைச்சு, காலால பின்னுக்கு உருட்ட வேணும். ஹூட்டர் அடிக்கமுதல் உருட்டிப்போட்டான் எண்டால் இன்னொரு ஓட்டம் இருக்கு. உருட்டமுதல் அடிச்சால் முடிஞ்சுது. க்ரெய்க்கைத்தான் விழுத்தினாங்கள், மூண்டு பேர். உதறிப்போட்டு எழும்பினான். பந்தை வைச்சான். காலைத் தூக்கினான். எண்பது நிமிசம். நான் பொத்தானை அமத்தினன்.

ரெஃப்ரி விசில் அடிச்சிட்டான். க்ரெய்க் தூக்கின காலோட அப்பிடியே நிக்கிறான். வலப்பக்கத்தில எங்கட பெடியன் ஒருத்தன் தனிய நிக்கிறான், அவனுக்கு முன்னால ஒரு குருவி இல்லை. பந்து போயிருந்தால் நடந்துபோய்க் கோட்டுக்கு அங்கால வைச்சிருப்பான், நாலு பொயிண்ட், வெற்றி. எல்லாருக்கும் தெரியும். நாலாயிரம் பேரும் அந்தப் பெடியனைப் பாத்தவை, பேந்து திரும்பிக் கண்ணாடி அறையைப் பாத்தவை. க்ரெய்க்கும் பாத்தவன்.

அதுக்குப் பிறகு என்ர சீவியம் சீவியமில்லை. டோரீன் சும்மா இருந்தாவோ? ஊர்ப் பேப்பருக்குக் கடிதம் எழுதினவ. நாலு செக்கன் மிச்சமிருந்தது, தான் சொன்னது, நாயகம் கேக்கேல்லை, தன்ர கிளப் தப்பினது தனக்கு வெக்கமாயிருக்கு எண்டு! எதிர்ப்பக்கத்து மனிசி எழுதினதை இந்த விசருகள் வேதவாக்கு மாதிரி நம்பிச்சுதுகள். கடையில நிண்டால் பின்னால ஒருத்தன் ஹூட்டர் மாதிரி வாயால ஊதுவான். தலைமயிர் வெட்டுறவன் “இண்டைக்கு நேரமில்லை” எண்டான், உள்ள ஒரு சனமில்லை! கிளப்பில இருந்து ஒரு கடிதம், உங்கட சேவைக்கு நன்றியாம். ஆறு வருசத்துக்கு நாலு வரி.

வெள்ளையள்தான் அப்பிடி எண்டால், எங்கட சனம்? கோயில் கமிட்டித் தலைவர் வந்து சொல்லுறார், “என்ன நாயகமண்ணை, எங்கட மருமோனுக்கு ஒரு நாலு செக்கன் பாத்துச் செய்திருக்கலாமே?” பாத்துச் செய்யவோ? நான் என்ன, உங்களுக்கு அரிச்சனைச் சீட்டோ குடுக்கிறன்? என்ர மனிசி பவளம், முப்பத்தஞ்சு வருசம் என்னோட இருந்தவள், அவளும் சொல்லுறாள், “கடவுளே நாலு செக்கன் பொறுப்பார், நீங்கள் பொறுக்கமாட்டியள்.” ஒருத்தர், ஒரே ஒருத்தர், ‘நாயகம், நீ செய்தது நேர்மை’ எண்டு சொல்லேல்லை. அதுதான் எனக்கு நெஞ்சுக்குள்ள கிடந்து கொதிக்குது.

க்ரெய்க்கின்ர ஒப்பந்தம் முடிஞ்சுது. அவுஸ்திரேலியாவில, குயின்ஸ்லாந்தில ஒரு சின்னக் கிளப் ரெண்டு வருசத்துக்கு எடுத்திருக்கு, பேந்தும் அங்கயே இருந்திடுவினமாம். ஆறேழு நாள் பொறுத்துத்தான் மகள் எனக்குச் சொன்னவள். பேத்திக்கு நாலு வயசு. அது வந்து என்ர மடியில இருந்து கேக்குது, “தாத்தா, நீங்கள் ஏன் அப்பான்ர விளையாட்டை நிப்பாட்டினனீங்கள்?” எண்டு. அதுக்கு ஆர் சொல்லிக் குடுத்தது? எல்லாரும்தான்.

என்ன? என்ன கேட்டனீங்கள்?

முதல் பாதியில ஒத்துப்போனது, பேந்து ரெண்டாம் பாதியில ஒத்துப் பாத்தனாங்களோ எண்டோ? பாத்தனாங்கள். பாத்தம்தானே. ரெண்டு மூண்டு தரம் பாத்தம். ஒருக்கா மட்டும்… கடைசியா நிப்பாட்டினது, அப்ப மட்டும் பாக்கேல்லை. அது க்ரெய்க் விழுந்த நேரம். அறுவத்தெட்டாவது நிமிசம். அதை உங்களுக்குச் சொல்லேல்லையோ? பேந்து எழும்பி விளையாடினவன்தான். ஒருத்தன் முழங்கால் பக்கமா வந்து விழுந்தவன், க்ரெய்க்கின்ர கால் அப்பிடியே மடிஞ்சுது. கிரவுண்ட் முழுக்க ‘ஆ’ எண்டு ஒரு சத்தம். அவன் முகம் குப்புற, அசையேல்லை. ரெஃப்ரி உடன கையைத் தூக்கினான்.

நானும் உடன அமத்தினன். உடன எண்டால், உடனதான். அவன் விழுந்தான், நான் எழும்பினன். கதிரை பின்னால விழுந்தது. ‘அம்மாளாச்சி!’ எண்டு கத்தினது நினைவிருக்கு, ஏனெண்டால் டோரீன் என்ர கையைப் பிடிச்சவ. கண்ணாடியில முகத்தை ஒட்டிக்கொண்டு நிண்டனான். வைத்தியர் ஓடுறார். சிந்துஜா அங்கால பிள்ளையைத் தூக்கிக்கொண்டு எழும்பி நிக்கிறாள். அவன் ஒரு கையை அசைச்சவன். அப்பாடா எண்டு இருந்துது. பேந்து கதிரையை நிமித்தி, இருந்து, மணிக்கூட்டை…

பேந்து அமத்தினன்.

எவ்வளவு நேரம் எடுக்கும் உதுக்கு? எழும்புறது ஒண்டு. கத்திறது ரெண்டு. அவன் கையை அசைச்சது…

அந்தத் தண்ணிப் போத்தலை ஒருக்காத் தாங்கோ, தம்பி.

எல்லாரும் கடைசியைத்தான் கேட்டவை. மகளும் கடைசியைத்தான் கேட்டவள், பேப்பர்க்காரனும் கடைசியைத்தான் கேட்டவன். ஒருத்தரும் நடுவைக் கேக்கேல்லை. நானும் கேக்கேல்லை. அவன் விழுந்து கிடக்கேக்க என்ர மணிக்கூடு நிக்காமல் ஓடியிருக்கு. அந்த மனிசி பொய் சொல்லேல்லை. என்ர கையைப் பிடிச்சுக்கொண்டு இருந்தவ, தன்ர மற்றக் கையால சரியான நேரத்துக்கு அமத்தியிருக்கிறா. பிச்சை போடுறா எண்டு நினைச்சு நான் அவவைப் பாத்த பார்வையை நினைச்சால், ஐயோ… எனக்கு விசர்!

இல்லை, சொல்லமாட்டன். நீங்கள் தலையை ஆட்டாதேங்கோ. ‘போனவுடன க்ரெய்க்கிட்டைச் சொல்லுங்கோ, சந்தோசப்படுவான்’ எண்டுதானே நினைக்கிறியள்? உங்களுக்கு அவனைத் தெரியாது. நான் என்ன சொல்ல? ‘நீ விழுந்ததைப் பாத்துக்கொண்டு நிண்டதில நாலு செக்கன் போச்சுது’ எண்டோ? அவன் என்ன நினைப்பான்? தான் விழுந்தபடியால்தான் கிளப் இறங்கினது எண்டு நினைப்பான். பத்து வருசம் விளையாடின கிளப், தம்பி! ஊர்ப் பெடியன், அவன்ர அப்பாவும் அங்கதான் விளையாடினவர். அதைக் காவிக்கொண்டு போய் அவன் அந்த ஊரில எப்பிடி ஓடுவான்? இப்ப அவனுக்குக் கோவிக்க ஒரு ஆள் இருக்கு, நான். நான் கிழவன், எனக்கென்ன, எனக்கு ஏழு கிழமையில பழகிப்போச்சு.

எனக்கும் சொல்ல ஆசைதான். இப்பவே இறங்கி ஓடிப்போய்ச் சொல்ல வேணும் போலத்தான் கிடக்கு. ஆனா சொல்லமாட்டன். நீங்களும் ஒருத்தரிட்டையும் சொல்லப்படாது.

இருங்கோ, போன் அடிக்குது. மகள்தான்.

ஓம் பிள்ளை. வந்திட்டன், இந்தா பஸ் திரும்புது. அம்மா அழுறாவோ? அவவுக்கு ஒரு தேத்தண்ணி வாங்கிக் குடு. என்ன? ஓம், யோசிச்சனான். வழி முழுக்க யோசிச்சனான். க்ரெய்க் பக்கத்தில நிக்கிறானோ? அப்ப அவனிட்டைச் சொல்லு. அப்பா சொறி சொல்லமாட்டாராம். தன்ர மணிக்கூடு சரியாம், தான் செய்தது சரியாம் எண்டு சொல்லு. ஓம், அப்பிடியே சொல்லு. கத்தாத பிள்ளை, சனம் பாக்கும். வாறன், பிள்ளையைக் கொஞ்சிப்போட்டு நான் அங்கால நிக்கிறன். வை.

கேட்டியளே, எப்பிடிப் பேசுறாள் எண்டு? பேசட்டும். அவனும் பின்னால ஏதோ சொன்னவன். ஏழு கிழமைக்குப் பிறகு முதல் தரம் அவன்ர குரல் கேட்டது, கெட்ட சொல்லுத்தான்.

நீங்கள் இறங்குங்கோ, தம்பி, உங்களுக்கு நேரமாகுது. நான் முகத்தை ஒருக்காக் கழுவிப்போட்டு வாறன். இந்த முகத்தோட போனால் கண்டுபிடிச்சிடுவான்.